அனுபவப் பதிவுக் கருவியும் அனுதாபம் எனும் மாயையும்

ஒருவர் படும் துன்பத்தை மற்றவர் உணராமையே மனிதரிடையே நிலவும் பகைமைக்கெல்லாம் காரணம் என்ற கருத்து மிகப் பழையது. ஒருவரது பிரக்ஞையில் நிகழும் அனுபவத்தை அப்படியே பதிவு செய்து பிறருக்கு வழங்கும் கருவி பற்றிய கற்பனை, அக்கருத்தின் நவீன வடிவமாகும். கண்டது, கேட்டது, அஞ்சியது, விரும்பியது யாவும் ஒரு நாடாவில் அடங்கும். அதனைப் பெறுவோர் மற்றவராகவே வாழ்ந்து மீள்வர். அதன் பின்னர் கொடுமை செய்ய எவருக்கும் மனம் வாராது. எடுத்துரைக்கும் மொழிக்கும் இலக்கியத்துக்கும்கூடத் தேவை இராது என்பர். இவ்வாதம் கவர்ச்சியானது, ஆயின் தவறானது. அதுமட்டுமன்று, நீதி கோரி நிற்போருக்குக் கேடு விளைப்பதுமாகும்.

அமெரிக்க மெய்யியலாளர் தோமஸ் நேகல், வௌவாலாக இருப்பது எத்தகையது என்ற வினாவையே தலைப்பாகக் கொண்ட கட்டுரையொன்றை 1974 இல் வெளியிட்டார். வௌவாலைப் போல வாழ்ந்தால் தனக்கு எவ்வாறிருக்கும் என ஒரு மனிதன் கற்பனை செய்யலாம். வௌவாலாக இருப்பது வௌவாலுக்கு எவ்வாறிருக்கும் என்பதோ வேறு வினா என்றார் அவர். மனிதருக்கிடையிலான இடைவெளி இத்துணைப் பெரிதன்று. எனினும் அவ்வேறுபாடு இங்கும் பொருந்தும்.

பட்டினி கிடக்கும் தாயொருத்தியின் பசியை, வயிறு நிறைந்த ஒருவன் கருவி வாயிலாகப் பெறுகிறான் எனக் கொள்க. அவன் தான் யார் என்பதை மறவாதிருப்பின், சிறிது நேரத்தில் அப்பசி தீரும் என்பதையும் அறிவான். அது எப்போது தீரும் என்று அறியாமையே அவளது பசியின் சாரம். ஆதலின் அவன் பெற்றது அவளது பசியன்று. மாறாக, அவன் தன்னை முற்றாக மறந்துவிடின், அவளைப் புரிந்துகொள்ள அங்கு அவன் இல்லை. மீண்டு வந்த பின் எஞ்சும் நினைவையும் அவன் தன் வாழ்வைக் கொண்டே பொருள்கொள்ள வேண்டும். ஆகவே, புரிந்துகொள்ளல் என்பது கருவிக்கு வெளியேதான் நிகழ்கின்றது.

இக்கருவியைக் கருப்பொருளாகக் கொண்ட திரைப்படங்களே இவ்வுண்மைக்குச் சான்று பகர்கின்றன. டக்ளஸ் றம்புல் இயக்கி 1983 இல் வெளிவந்த ‘பிறெய்ன்ஸ்ரோம்’ படத்தில், பிரிந்து நிற்கும் மனைவிக்குத் தன் நினைவுகளைப் பதிவு செய்து கொடுக்கிறான் ஒரு விஞ்ஞானி. இருவரும் மீண்டும் இணைகின்றனர். கருவியை ஆதரிப்போர் இக்காட்சியையே எடுத்துக்காட்டுவர். ஆனால் அந்நாடா அவளுக்குப் பொருள் தந்தமைக்குக் காரணம், அவர்கள் ஏற்கனவே ஒன்றாக வாழ்ந்திருந்தமையாகும். அது ஒரு கடிதம் போன்றது. முகவரிக்கு உரியவர்க்கே அதன் பொருள் முழுமையாக விளங்கும். அதே படத்தில் அதே கருவி இராணுவத்தின் கைக்கு மாறியதும் மனத்தைச் சிதைக்கும் ஆயுதமாகின்றது. தம்பதியரின் மகனே அதனால் பாதிப்புறுகின்றான். கருவி ஒன்றே, உறவுகளும் அதிகாரமுமே அதன் பயனைத் தீர்மானிக்கின்றன.

கெத்றின் பிகலோ இயக்கிய ‘ஸ்றேஞ்ச் டேய்ஸ்’ (1995) இதனிலும் கடுமையானது. லொஸ் ஏஞ்சலிஸ் நகரில், 1999 ஆம் ஆண்டின் இறுதி நாட்களில் கதை நிகழ்கின்றது. முன்னாள் பொலிஸ்காரனான லெனி, பிறரது அனுபவங்கள் அடங்கிய வட்டுகளைக் கள்ளச் சந்தையில் விற்கிறான். சந்தைக்கு வந்ததும் அனுபவம் பண்டமாகிவிடுகின்றது. வாங்குவோர் தேடுவது சக மனிதரையன்று, கிளர்ச்சியையே. அப்படத்தின் கொடிய காட்சியில், கொலைஞன் தான் பலியிடும் பெண்ணின் தலையில் கருவியைப் பொருத்தித் தன் இன்பத்தை அவளை உணரச் செய்கிறான். அனுபவப் பகிர்வு அங்கு முழுமையாகவே நடைபெறுகின்றது. அதனால் அங்கு இரக்கம் பிறக்கவில்லை, வதையே இருமடங்காகின்றது.

கறுப்பினப் பாடகர் ஒருவரைப் பொலிஸார் சுட்டுக்கொன்றதன் பதிவும் அப்படத்தில் உண்டு. எண்ணற்ற அனுபவங்களை நுகர்ந்த லெனி, காதலியை மீட்பதற்கு அதனைப் பண்டமாற்றுச் செய்யலாமா என எண்ணுகிறான். இத்தகைய வட்டுகளை வெறுத்து ஒதுக்கிய கறுப்பினப் பெண்ணான மேஸ், அதனை ஒருமுறை பார்த்ததும் அது வெளிவந்தே ஆக வேண்டும் என நிற்கிறாள். அவளுக்கு அத்தெளிவைத் தந்தது கருவியன்று. அவள் வாழ்ந்த வரலாறு.

இக்கதைக்குப் பின்னால் உண்மை நிகழ்வொன்று உண்டு. 1991 மார்ச் 3 ஆம் திகதி, லொஸ் ஏஞ்சலிஸ் பொலிஸார் றொட்னி கிங் என்ற கறுப்பினத்தவரைத் தடியால் அடித்ததை அயலவர் ஒருவர் வீடியோவில் பதிவு செய்தார். உலகமே அதனைக் கண்டது. ஆயின் நீதிமன்றில் எதிரிகளின் சட்டத்தரணிகள் அப்பதிவை மெதுவாக, சட்டம் சட்டமாக ஓடவிட்டு, நிலத்தில் வீழ்ந்தவரின் ஒவ்வோர் அசைவையும் அச்சுறுத்தலாக விளக்கினர். 1992 ஏப்ரல் 29 இல், பொலிஸார் நால்வரில் எவரையும் யூரர் குற்றவாளியாகக் காணவில்லை. அதனை அடுத்து எழுந்த கலவரத்தில் 50 பேருக்கு மேல் மாண்டனர். 1993 இல் சமஷ்டி நீதிமன்றிலேயே இருவர் குற்றவாளிகளாகக் காணப்பட்டனர்.

வீடியோவுக்குப் பதிலாகக் கிங்கின் வலியையே யூரர் உணர்ந்திருப்பின் தீர்ப்பு மாறியிருக்கும் என வாதிடலாம். ஆயின் அவருக்கு வலித்ததா என்பது அவ்வழக்கில் வினாவாக இருக்கவேயில்லை. அவ்வலி அவருக்கு உரியதா என்பதே வினா. அதற்கு விடை தரும் நரம்பு எந்த உடலிலும் இல்லை. சட்டம், வரலாறு, இனம் பற்றிய எண்ணங்கள் ஆகியவற்றுடன் போராடியே அவ்விடையைப் பெற வேண்டும்.

உணர்ச்சி வேண்டாம் என்பது இதன் பொருளன்று. உணர்ந்தவுடன் கடமை முடிந்தது என எண்ணுவதே கண்டனத்துக்குரியது. அநீதிக்கு உள்ளானோர் தம் வலியைப் பிறரும் சிறிது நேரம் சுவைத்துப் பார்க்க வேண்டும் எனக் கேட்பதில்லை. நிகழ்ந்தது இது, செய்தவர் இவர், பொறுப்புக் கூறுக என்றே கேட்கின்றனர். சாட்சியின் சொல்லும் இலக்கியத்தின் சொல்லும் அக்கேள்வியைத் தாங்கி வருகின்றன. கேட்போர் தாமாகவே இருந்து மறுமொழி கூற வேண்டியவராகின்றனர். கருவியைக் கழற்றியதும் வலி நின்றுவிடும். கேட்ட கேள்வி அவ்வாறு நின்றுவிடுவதில்லை.