தங்கவயலில் எந்த வீடு நம் மரபு?

செம்பரம்பாக்கத்தைத் தொட்டு மேற்கே செல்லும் பெங்களூர் நெடுஞ்சாலையில் நாம் பலமுறை பயணித்திருக்கிறோம். வழியில் சற்றே விலகினால் கோலார் தங்கவயல். 1880இல் ஜான் டெய்லர் நிறுவனம் காலூன்றிய பின் அங்கு எழுந்த பங்களாக்கள் விக்டோரியா மகாராணி காலத்தின் இறுதிப் பகுதிக்குரியவை. ஓட்டுக் கூரை, அகன்ற வராந்தா, கணப்படுப்பு, சுற்றிலும் தோட்டம். 'சின்ன இங்கிலாந்து' என்றே அதற்குப் பெயர். சிவசமுத்திரத்து மின்சாரம் 1902இலேயே அவ்வூரை எட்டிவிட்டது.

2001 பிப்ரவரி 28 அன்று சுரங்கம் மூடப்பட்டது. சிதிலமடையும் பங்களாக்களைக் காக்க வேண்டும் என்போர் கூற்றில் நியாயம் உண்டு. நமது கேள்வி வேறு: தங்கத்தை வெட்டியவர்களின் வீடுகள் மரபுக் கணக்கில் சேருமா?

வட ஆர்க்காட்டு வறட்சிக்கும் சாதிக்கொடுமைக்கும் தப்பிச் சென்ற தமிழர்கள் தொடக்கத்தில் மூங்கில் தட்டிக் குடிசைகளில் ஒண்டினார்கள். 'லைன்' எனப்பட்ட அவ்வரிசைகளில் வராந்தாவும் இல்லை, தோட்டமும் இல்லை. 'அங்கே கலைநயம் என்ன இருக்கிறது?' என்று கேட்கலாம். தமிழ் படித்தவர்கள் அப்படிக் கேட்பதுதான் வியப்பு.

அயோத்திதாசப் பண்டிதர் 1907இல் தொடங்கிய 'ஒரு பைசாத் தமிழன்' இதழுக்குத் தங்கவயலில் ஊன்றிப் படித்த வாசகர்களும் பொருள் தந்த ஆதரவாளர்களும் இருந்தனர். 1914இல் அவர் மறைந்தார். பின்னாளில் 'தமிழன்' இதழைத் தங்கவயலிலிருந்தே நடத்தியவர் ஜி. அப்பாதுரையார். பண்டிதரின் நூல்களைச் சாம்பியன் ரீப்ஸ் சித்தார்த்த புத்தகசாலை அச்சிட்டது. சுரங்கத்தில் உழைத்துக் களைத்த மக்கள் காசு சேர்த்து ஓர் அறிவியக்கத்தைக் காப்பாற்றினார்கள். நமது பாடத்திட்டம் நெடுங்காலம் அதைக் கண்டுகொள்ளவில்லை. வகுப்பில் நாமும் பல ஆண்டுகள் அப்பெயர்களைச் சொல்லாமலே இதழியல் வரலாறு நடத்தினோம்.

லைன் வீடுகளில் இன்றும் மக்கள் வாழ்கிறார்கள். விடியுமுன் ரயிலேறிப் பெங்களூருக்கு வேலைக்குச் சென்று இரவில் திரும்புவோர் பலர். அவர்களை வெளியேற்றிவிட்டு வைக்கும் அருங்காட்சியகம் நமக்கு வேண்டாம். குடியிருப்போருக்கு உறுதியான வீட்டுரிமை முதலில் வேண்டும். அவர்கள் இசைவோடு ஒரு வரிசையேனும் பழைய வடிவில் செப்பனிடப்பட்டு, தங்கவயலில் அச்சான நூல்களும் இதழ்களும் அங்கேயே வைக்கப்பட வேண்டும்.

பங்களாவும் நிற்கட்டும். அதைப் பார்க்க வருபவர் லைனையும் பார்த்துவிட்டுத்தான் ஊர் திரும்ப வேண்டும்.