மூணு மணி நேர மாக்கரோனி: ஒரு கண்டனம்

முதல்லயே ஒண்ணைத் தெளிவுபடுத்திடறேன். ஸ்லோ குக்கர் மேல எனக்கு எந்தப் பகையும் கிடையாது. மாக்கரோனி சீஸ் மேலயும் கிடையாது. அமெரிக்காவுக்குப் படிக்க வந்துட்டு இந்த ரெண்டையும் பகைச்சுக்கிட்டா குளிர்காலத்தை ஓட்டறது கஷ்டம். என் சண்டை ஒரே ஒரு வாக்கியத்தோடதான்: "எல்லாத்தையும் போட்டு மூடிட்டுப் போங்க, மூணு மணி நேரம் கழிச்சு வந்து சாப்பிடுங்க."

சின்ன ஸ்லோ குக்கர்ல மாக்கரோனி சீஸ் செய்யறது எப்படின்னு தேடிப் பாருங்க. இந்த வாக்கியம் ஏதோ ஒரு வடிவத்துல வந்து நிக்கும். வேகாத மாக்கரோனி, பால், வெண்ணெய், துருவின செடார் சீஸ், எல்லாம் ஒரே சமயத்துல சட்டிக்குள்ள. மூடி. ஸ்விட்ச். வகுப்புக்குக் கிளம்பு. கீழே ஐந்து நட்சத்திரங்கள். அந்த நட்சத்திரம் போட்டவங்க என்ன எழுதியிருக்காங்கன்னும் படிங்க: "பார்க்கவே அருமையா இருக்கு, வர்ற சனிக்கிழமை செய்யப் போறேன்!" செய்யறதுக்கு முன்னாடியே ஐந்து நட்சத்திரம். நம்ம ஊர்ல படம் வர்றதுக்கு முன்னாடியே வெற்றி விழா போஸ்டர் அடிப்பாங்களே, அதே கதை.

இது ஒரு சாப்பாட்டு விஷயம், இதுக்கு எதுக்கு இவ்வளவு கோபம்னு கேக்கலாம். சொல்றேன். ஆறு பர்னர் அடுப்பும் அவனும் வெச்சிருக்கற வீட்டுக்காரங்களுக்கு ஒரு சட்டி கெட்டா ஒண்ணும் ஆகாது, பீட்ஸா சொல்லிடுவாங்க. ஒன்றரை, ரெண்டு குவார்ட் (அதாவது ரெண்டு லிட்டருக்கும் குறைவான) குட்டி குக்கரை வாங்கறது யாரு? தனியா இருக்கற மாணவன், தனியா இருக்கற வயசானவங்க, சமையலறையே இல்லாத அறையில குடியிருக்கறவங்க. எஃப்-1 விசாவுல இருக்கறவங்க செமஸ்டர் நடக்கும்போது வாரம் 20 மணி நேரத்துக்கு மேல வளாகத்துல வேலை பார்க்கக் கூடாது. அந்தச் சம்பளத்துல ஒரு நல்ல சீஸ் கட்டி, ஒரு டப்பா பால், ஒரு பொட்டலம் மாக்கரோனி வாங்கினா ஒரு மணி நேரக் கூலி சட்டிக்குள்ள போயிடுது. அது வீணானா அன்னிக்கு ராத்திரிக்கு வேற வழி இல்லை. "சுலபம்"ங்கற வார்த்தையை நம்பி ஏமாறறது எப்பவும் வசதி குறைஞ்சவங்கதான்.

போன வருஷம் என் அறைத்தோழன் இதை நம்பினான். காலையில ஒன்பது மணி வகுப்புக்கு முன்னாடி போட்டுட்டுப் போயிட்டு ஒரு மணிக்குத் திரும்பினான். ஓரமெல்லாம் செருப்புத் தோல் மாதிரி காய்ஞ்சு ஒட்டியிருந்தது. நடுவுல களி. மேல மஞ்சள் எண்ணெய். கரண்டியால கிளறினா திரிஞ்ச பால் மாதிரி குட்டிக் குட்டிக் கட்டி. காசு போட்டது ஆச்சேன்னு மாங்காய் ஊறுகாய் தொட்டுக்கிட்டுச் சாப்பிட்டான். குறிப்புல இருந்ததை அப்படியே வரி பிசகாம செஞ்சவன் அவன். குத்தம் அவன் கையில இல்லை, குறிப்புல இருக்கு.

ஏன்னு பார்ப்போம். கணக்கு ரொம்பச் சின்னது.

குட்டி குக்கர்ல பெரும்பாலும் 100 வாட் சுற்றுவட்டாரத்துலதான் சக்தி. பழைய குண்டு பல்பு ஒண்ணு. ஃப்ரிட்ஜ்லேர்ந்து எடுத்த ஒரு கிலோ பால்-மாக்கரோனி கலவையை 5 டிகிரியிலேர்ந்து 90 டிகிரி செல்சியஸுக்குக் கொண்டு போக ஏறக்குறைய 357 கிலோஜூல் வேணும். 100 வாட்டுல அதுக்கு ஒரு மணி நேரம், அதுவும் துளி சூடு கூட வெளியே போகாம, பீங்கான் சட்டி தன் பங்குக்கு எதுவும் குடிக்காம இருந்தா. நிஜத்துல இன்னும் இழுக்கும். அதுவரைக்கும் மாக்கரோனி வெதுவெதுப்பான பால்ல ஊறிக்கிட்டுக் கிடக்கும். அப்புறம் சூடு ஏறினதும் நிக்காது. கொதிக்கற தண்ணியில ஏழெட்டு நிமிஷத்துல வேகற பொருள் மணிக்கணக்கா சூட்டுல உக்காந்து குடிச்சுக்கிட்டே இருக்கும், மாவுச்சத்து கரைஞ்சு வெளிய வந்துக்கிட்டே இருக்கும். சாதம் குழைஞ்சா பொங்கல்னு சொல்லிச் சமாளிக்கலாம். மாக்கரோனி குழைஞ்சா அதுக்குப் பேரே கிடையாது.

இதுல இன்னொரு கூத்து. இந்தக் குறிப்புகள்ல பல, ஆறு குவார்ட் பெரிய குக்கருக்கு எழுதினதை நாலால வகுத்தது. பெரிய குக்கர்ல 200 வாட்டுக்கு மேல சக்தி இருக்கும், ஆனா கொள்ளளவு மூணு நாலு மடங்கு. அதாவது ஒரு லிட்டருக்கு இத்தனை வாட்னு பார்த்தா குட்டி குக்கர்தான் வேகமா சூடாகும்! பொருளை வகுத்தவங்க நேரத்தைத் தொடவே இல்லை. போதாக்குறைக்கு சட்டி பாதி கூட நிரம்பலைன்னா ஓரம் இன்னும் சீக்கிரம் தீயும். பாதிக்கு மேல, முக்காலுக்குள்ள நிரப்பணும்ங்கறது பொதுவான விதி.

சீஸ் கதை தனி. சீஸ்ங்கறது கொழுப்பும் தண்ணியும் புரதமும் ஒண்ணா ஒட்டிக்கிட்டு இருக்கற ஒரு சமாதான ஒப்பந்தம். அதுல கால்சியம்தான் பசை. சூடு அதிகமானா, நேரம் அதிகமானா புரதம் இறுகிப் போய் கொழுப்பையும் தண்ணியையும் வெளிய தள்ளிடும். நல்லா முத்தின செடார் சீஸ் இன்னும் சீக்கிரம் பிரியும். அதனாலதான் 1910-கள்லேயே பதப்படுத்தின சீஸ் வந்தது. 1911-ல் சுவிட்சர்லாந்துல சிட்ரேட் உப்பு சேர்த்துப் பார்த்தாங்க, 1916-ல் அமெரிக்காவுல ஜேம்ஸ் க்ராஃப்ட் தன்னோட முறைக்குக் காப்புரிமை வாங்கினார். அந்த மாதிரி உப்பு கால்சியத்தைப் பிடிச்சு வெச்சுக்கும், கொழுப்பு பிரியாது. நூறு வருஷத்துக்கும் மேலா தெரிஞ்ச விஷயம். ஆனா நம்ம குறிப்பாசிரியர்கள் முத்தின செடாரைப் பச்சைப் பால்ல போட்டு மூணு மணி நேரம் தனியா விட்டுட்டுப் போகச் சொல்றாங்க.

சரி, இந்த ரெண்டு பொருளோட பூர்வீகத்தையும் பாருங்க, பொருத்தம் எவ்வளவு தப்புன்னு புரியும்.

ஸ்லோ குக்கரைக் கண்டுபிடிச்சவர் சிகாகோவுல இருந்த இர்விங் நாக்ஸன். 1936-ல் விண்ணப்பிச்சு 1940-ல் காப்புரிமை வாங்கினார். அவருக்கு யோசனை குடுத்தது அவங்க அம்மா சொன்ன ஒரு பழைய கதை. லித்துவேனியாவுல யூதக் குடும்பங்கள் சனிக்கிழமை ஓய்வுநாள்ல நெருப்பு மூட்ட மாட்டாங்க. அதனால வெள்ளிக்கிழமை மாலையே இறைச்சி, பீன்ஸ் எல்லாம் ஒரு பானையில போட்டு, ஊர் ரொட்டிக்கடை அடுப்பு அணைஞ்ச பிறகு மிச்சச் சூட்டுல ராத்திரி முழுக்க வெச்சுடுவாங்க. அந்தப் பண்டத்துக்கு சோலண்ட்னு பேரு. நாக்ஸனோட கருவியை 1970-ல் ரைவல் நிறுவனம் வாங்கி 1971-ல் க்ராக்-பாட்னு பேர் வெச்சு வித்தது. வேலைக்குப் போற பெண்களுக்கு அது பெரிய உதவி. நாள் பூரா வெந்தாலும் நல்லா இருக்கற பொருளுக்காகப் பிறந்த கருவி அது. பீன்ஸ், கடலை, கெட்டி இறைச்சி.

மாக்கரோனி சீஸ் நேர் எதிர். 1824-ல் வந்த மேரி ராண்டால்ஃபோட 'தி வர்ஜீனியா ஹவுஸ்-வைஃப்' புத்தகத்துலேயே அது இருக்கு: பாலும் தண்ணியும் சேர்த்து மாக்கரோனியைத் தனியா வேக வெச்சு, வடிச்சு, சீஸும் வெண்ணெயும் அடுக்கி, நல்ல சூட்டு அடுப்புல அரை மணிக்குள்ள எடுக்கறது. 1937-ல் க்ராஃப்ட் நிறுவனம் 19 சென்ட்டுக்கு நாலு பேர் சாப்பிடற டப்பாவை விட்டது. அதோட பெருமையே சில நிமிஷத்துல ஆயிடும்ங்கறதுதான். விறகடுப்பு காலத்துலேயே இவ்வளவு சீக்கிரம் முடிஞ்ச வேலைக்கு நாம மின்சாரம் வெச்சுக்கிட்டு மூணு மணி நேரம் எடுத்துக்கறோம். இதுக்குப் பேரு வசதியாம்.

இப்ப எதிர்க்கட்சி வாதத்துக்கு வர்றேன். "நான் செஞ்சேன், நல்லா வந்துச்சே!" நம்பறேன். ஆனா அவங்ககிட்ட ரெண்டு கேள்வி கேளுங்க. எத்தனை நிமிஷத்துல எடுத்தீங்க? நடுவுல எத்தனை தடவை மூடியைத் திறந்து கிளறினீங்க? ஒரு மணி, ஒன்றரை மணிக்குள்ள எடுத்திருப்பாங்க. நடுவுல மூணு தடவை கிளறியிருப்பாங்க. கடைசியில பால் ஊத்தி இளக்கியிருப்பாங்க. அதாவது அவங்க பக்கத்துலயே இருந்திருக்காங்க. நல்லா வந்த சட்டிக்குப் பின்னாடி காவல் காத்த ஒரு ஆள் இருப்பார். அந்த ஆளோட உழைப்பை அழிச்சுட்டு "மூடிட்டுப் போங்க"ன்னு எழுதறதைத்தான் பொய்ங்கறேன்.

அடுத்த கட்சி சுத்த சைவம் மாதிரி சுத்த அவன் கட்சி. "மேல மொறுமொறுன்னு பொன்னிறப் படலம் இல்லாதது மாக்கரோனி சீஸே இல்லை." அந்தப் படலம் குக்கர்ல வராதுங்கறது உண்மைதான். மூடிக்குள்ள நீராவி, வெப்பம் 100 டிகிரிக்குக் கீழ. பொன்னிறமாக அதைவிட நிறைய சூடு வேணும். ஆனா அவன் இல்லாதவனைப் பார்த்து அவன்ல வைன்னு சொல்றது யோசனையா, கிண்டலா? படலம் வேண்டாம், மிருதுவான குழம்பு போதும்னா குட்டி குக்கர் தாராளமா போதும்.

நேர்மையான வழி இதுதான். 225 கிராம் மாக்கரோனியைப் பெரிய கண்ணாடிக் கிண்ணத்துல உப்புத் தண்ணியில மைக்ரோவேவ்ல வேக வைங்க. பொட்டலத்துல போட்டிருக்கற பதத்துக்குக் கொஞ்சம் முன்னாடியே வடிச்சுடுங்க. ஒரு டப்பா (354 மில்லி) எவாப்பரேட்டட் மில்க்கைத் தனியா சூடாக்கி, ஒரு துண்டு வெண்ணெயோட குக்கர்ல ஊத்துங்க. இது மில்க்மெய்ட் இல்லை, சர்க்கரை சேர்க்காத கெட்டிப் பால். ஏற்கெனவே நல்லா சூடு கண்ட பால், அதனால சுலபமா திரியாது. 200 கிராம் சீஸை நீங்களே துருவுங்க. துருவி விக்கறதுல ஒட்டாம இருக்க மாவு தடவியிருப்பாங்க, குழம்பு நறநறன்னு ஆகலாம். அதுல கால் பங்கு பதப்படுத்தின அமெரிக்கன் சீஸா இருந்தா ரொம்ப நல்லது, நான் மேல சொன்ன உப்பு அதுல இருக்கு. ஒரு ஸ்பூன் சோளமாவுல புரட்டி, பால் நல்லா சூடானதும் கைப்பிடி கைப்பிடியா சேர்த்துக் கிளறுங்க. மாக்கரோனியைக் கொட்டுங்க. 'லோ'வுல 15, 20 நிமிஷம். அவ்வளவுதான்.

"அப்ப குக்கர் எதுக்கு?" நல்ல கேள்வி. அடி பிடிக்காம மெதுவான சூட்டுல சீஸை உருக்கறதுக்கு, மூணு நண்பர்கள் வெவ்வேறு நேரத்துல வந்தாலும் அடுத்த ஒரு மணி நேரம் சூடா வெச்சுக்கறதுக்கு. அதுல அது கெட்டிக்காரன். வாரக் கடைசியில கொண்டைக்கடலையை ஊற வெச்சு அதுலயே போடுங்க. அப்ப தாராளமா மூடிட்டுப் போங்க, யாரும் கேக்க மாட்டாங்க.

கடைசியா ஒண்ணு, இதுல விளையாட்டே இல்லை. டைமர் பிளக் வெச்சு, காலையில பாலும் சீஸும் போட்டு மத்தியானம் தானா ஆன் ஆகற மாதிரி பண்ணச் சொல்றவங்க இருக்காங்க. செய்யாதீங்க. 4-லேர்ந்து 60 டிகிரி செல்சியஸ் வரைக்கும் கிருமி வளர்ற எல்லை, அதுல ரெண்டு மணி நேரத்துக்கு மேல விடக்கூடாதுன்னு அமெரிக்க வேளாண் துறையே சொல்லுது. மிச்சத்தையும் அணைச்ச சட்டியிலயே ராத்திரி விடாதீங்க, ஃப்ரிட்ஜ்ல வைங்க. 2008-ல் பெல்ஜியத்துல 20 வயசு மாணவர் ஒருத்தர் அஞ்சு நாள் வெளியவே இருந்த ஸ்பகெட்டியைச் சூடு பண்ணிச் சாப்பிட்டு இறந்து போனார். பேசிலஸ் சீரியஸ்ங்கற கிருமி. அது விடற நஞ்சு திரும்பச் சூடு பண்ணாலும் போகாது. 2011-ல் மருத்துவ இதழ்லயே பதிவாகியிருக்கு.

குறிப்பு எழுதறவங்களுக்கு ஒரே வேண்டுகோள். "ஒரு மணி நேரம் ஆகும், பக்கத்துல உக்காந்து புத்தகம் படிச்சுக்கிட்டே கிளறுங்க"ன்னு எழுதுங்க. ஒரு மணி நேரம் இருக்கறவன் செய்வான், இல்லாதவன் வேற ஏதாவது சாப்பிடுவான். ரெண்டு பேருக்கும் காசு மிச்சம்.

நான் சொன்னதுல உடன்பாடு இல்லைன்னா தாராளமா திட்டுங்க. ஆனா ரெண்டு விதத்துலயும் செஞ்சு, ருசி பார்த்துட்டு வந்து திட்டுங்க மக்களே.