திடலிலிருந்து வந்த ஆசான்



தரம் ஐந்து புலமைப்பரிசில் பரீட்சை நெருங்கும் மாதங்களில் நம் குடும்பங்களில் முதலில் கைவிடப்படுவது எது என்று எண்ணிப் பார்த்ததுண்டா? செபமாலையை எவரும் வெளிப்படையாகக் கைவிடுவதில்லை. சற்றுச் சுருக்கிக் கொள்கிறோம், அவ்வளவே. முதலில் போவது விளையாட்டு. "பரீட்சை முடியட்டும், பிறகு விளையாடலாம்" என்கிறோம். பிறகு சாதாரண தரம் வருகிறது. அதன் பின் உயர்தரம். பிள்ளை மீண்டும் திடலில் கால் வைப்பதற்குள் அவனுக்கு மீசை அரும்பி விடுகிறது.

இது பிழையான கணக்கு என்பது என் எண்ணம். அதை விளக்க நம் மண்ணில் வாழ்ந்த ஒரு குருவை நினைவூட்ட விரும்புகிறேன்.

அமெரிக்காவின் லூசியானா மாநிலத்தில் ஜெனிங்ஸ் என்னும் ஊரில் 1923 ஒக்டோபர் 9 அன்று பிறந்தவர் அருட்தந்தை யூஜின் ஜோன் ஹெபியர். 1941இல் இயேசு சபையில் சேர்ந்து, 1948இல் இலங்கைக்கு வந்தார். அக்காலத்தில் திருகோணமலையும் மட்டக்களப்பும் ஒரே மறைமாவட்டம். 2012இல் தான் அது இரண்டாகப் பிரிக்கப்பட்டது. எனவே அங்கு வந்த இயேசு சபையினருக்கு இரு நகரங்களும் ஒரே வயலாகவே இருந்தன. நம் துறைமுக நகரின் புனித சூசையப்பர் கல்லூரியிலும், மட்டக்களப்பின் புனித மிக்கேல் கல்லூரியிலும் ஹெபியர் அடிகளார் கற்பித்தார். கற்பித்தார் என்பதோடு நிறுத்தினால் அவரை அறிந்தவர்கள் என்னை விடமாட்டார்கள். அவர் கூடைப்பந்துப் பயிற்றுநர். மிக்கேல் கல்லூரி தேசிய மட்டத்தில் வெற்றிகள் பல ஈட்டியதற்கு அவரது உழைப்பு ஒரு பெருங்காரணம்.

கூடைப்பந்தைப் பற்றி இங்கே ஒரு வார்த்தை. அதனை 1891 டிசம்பரில் உருவாக்கியவர் ஜேம்ஸ் நைஸ்மித். அவரும் இறையியல் கற்றவர். பல விளையாட்டுகளில் தேர்ந்தவர். பின்னாளில் உடற்கல்வி ஆசிரியரானவர். குளிர்காலத்தில் மாணவர்கள் கட்டடத்துக்குள் ஆடுவதற்கென, பழக்கூடைகள் இரண்டை உயரத்தில் மாட்டி அவர் தொடங்கிய ஆட்டம் அது. அவர் வகுத்த பதின்மூன்று விதிகளுள் ஒன்று என்னைப் பெரிதும் கவர்கிறது: பந்தைக் கையில் வைத்திருப்பவன் அதனுடன் ஓடலாகாது, பிடித்த இடத்திலிருந்தே அதை எறிந்துவிட வேண்டும். பந்தைத் தட்டிக்கொண்டு ஓடும் முறை பிற்பாடுதான் வந்தது. ஆக, இன்னொருவனைத் தேடிப் பார்த்துப் பந்தை அவனிடம் சேர்ப்பதே அந்த ஆட்டத்தின் அடிப்படை. ஐவரில் எவன் எங்கே நிற்கிறான், எவன் களைத்துவிட்டான், வெளியே காத்திருப்பவர்களில் எவனை உள்ளே அனுப்பலாம் என்று ஓயாமல் கவனிப்பதே பயிற்றுநரின் வேலை.

நல்ல அதிபர் ஒருவரிடம் நாம் எதிர்பார்ப்பதும் இந்தக் கவனத்தைத் தானே? வகுப்பறை பெரும்பாலும் முதல் வரிசையில் இருப்பவனையே கண்டுகொள்கிறது. திடலோ, காத்திருப்பவனையும் கணக்கில் எடுக்கச் சொல்கிறது. ஹெபியர் அடிகளார் பின்னாளில் எந்தக் கல்விக்கூடத்தின் பொறுப்பை ஏற்றார் என்பதைப் பாருங்கள். புகழ்பெற்ற கல்லூரி ஒன்றின் நாற்காலி அல்ல. மட்டக்களப்பில் இயேசு சபையினர் நடத்திய கிழக்குத் தொழில்நுட்ப நிறுவகத்துக்கு அவர் இயக்குநரானார். பல்கலைக்கழக வாசலை எட்ட முடியாத இளைஞர்கள் ஒரு தொழிலைக் கற்று நிமிர்ந்து நிற்பதற்கான இடம் அது. வெற்றி வாகை சூடிய பயிற்றுநர், பரீட்சைகள் ஒதுக்கிவிட்ட பிள்ளைகளிடம் போனார். இதை நான் தற்செயல் என்று எண்ணவில்லை.

1990 யூனில் போர் மீண்டும் வெடித்தது. ஆகஸ்டில் காத்தான்குடியிலும் ஏறாவூரிலும் முஸ்லிம் மக்கள் படுகொலை செய்யப்பட்டனர், தமிழர்களும் பழிவாங்கப்பட்டனர். சாலைகள் எல்லாம் அச்சத்தின் சாலைகளாயின. அந்த நாட்களில் துன்புற்றோருக்கு உதவ வாழைச்சேனை சென்றிருந்தார் அடிகளார். மனித உரிமைகளுக்காக முன்பே குரல் கொடுத்து வந்தவர் அவர். ஆகஸ்ட் 15, அன்னை மரியாவின் விண்ணேற்புப் பெருவிழாவன்று, தமது வெஸ்பாவில் மட்டக்களப்பு நோக்கிப் புறப்பட்டார். உடன் சென்றவர் பேர்ட்ரம் பிரான்சிஸ் என்னும் தமிழ்ச் சிறுவர். இருவரும் வந்து சேரவில்லை. இருவரது உடல்களும் கிடைக்கவில்லை. அடிகளாருக்கு அப்போது வயது அறுபத்தாறு.

இத்தகைய வீரத்தைக் கூடைப்பந்துதான் கொடுத்தது என்று நான் சொன்னால் அது மிகை. அருளும் செபமும் கொடுத்தவை அவை. ஆயினும் அருள் ஒரு மனிதனின் பழக்கங்களின் மீதுதான் வந்து அமர்கிறது. களைத்த பின்னும் ஓடுவது, தோற்ற பின் எதிரணியின் கையைப் பற்றுவது, தனக்கு எதிராக நடுவர் ஊதிய ஊதலுக்கும் பணிவது: இவற்றை எந்தத் தனியார் வகுப்பும் கற்றுத் தருவதில்லை. கொரிந்து நகருக்கு அருகே ஈராண்டுக்கு ஒருமுறை பெரும் விளையாட்டுப் போட்டிகள் நடைபெற்றன. அந்நகர மக்களுக்கு எழுதும்போது திருத்தூதர் பவுல் ஓட்டப் பந்தயத்தையும் குத்துச்சண்டையையும் உவமையாக எடுத்தாள்வதில் வியப்பில்லை. திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல் இளமையில் காற்பந்து ஆடியவர், மலைகளில் பனிச்சறுக்கியவர். 2000ஆம் ஆண்டு யூபிலியில் விளையாட்டு வீரர்களுக்கென உரோமை ஒலிம்பிக் அரங்கிலேயே திருப்பலி ஒப்புக்கொடுத்தார்.

"சாமி, விளையாட்டு சோறு போடுமா?" என்று பெற்றோர் கேட்பதுண்டு. நேர்மையான கேள்வி; எள்ளி நகையாட எனக்கு உரிமையில்லை. நம் நகரத்துப் பெற்றோருக்கு இன்னொரு நியாயமும் இருந்தது. 2006 சனவரி 2 அன்று திருகோணமலைக் கடற்கரையில் ஐந்து மாணவர்கள் கொல்லப்பட்டார்கள். அதன் பின் மாலையில் பிள்ளையை வெளியே விடாத தாயை யார் குறை கூறுவார்? அந்த நாட்களில் வீட்டுக் கதவு தாழிடப்பட்டது அன்பினால். ஆனால் 2009இல் போர் முடிந்த பின்னும் அந்தத் தாழை நாம் திறக்கவில்லை. அச்சம் இருந்த இடத்தில் போட்டிப் பரீட்சையை வைத்தோம். அதே தாழ், அதே கதவு. சோறு போடும் தொழிலைப் பிள்ளை பிற்பாடு கற்றுக்கொள்வான். பிறரோடு பகிர்ந்து உண்ணும் பழக்கத்தைப் பதினாறு வயதுக்குப் பின் கற்பிப்பது கடினம்.

1960, 1961ஆம் ஆண்டுகளின் சட்டங்களுக்குப் பின் நம் பாடசாலைகளில் பலவற்றை அரசு பொறுப்பேற்றது. அவற்றின் அதிபரைத் தெரிவு செய்வது இன்று நம் கையில் இல்லை. ஆனால் பெற்றோர் கூட்டத்தில் எழுந்து நின்று, "எங்கள் பிள்ளைகள் பிற்பகலில் ஆடுவதற்கு எவ்வளவு நேரம் ஒதுக்கியிருக்கிறீர்கள்?" என்று கேட்பதற்கு எந்தச் சட்டமும் தடையில்லை. உயர்தர மாணவருக்கும் சேர்த்தே கேளுங்கள். பெண் பிள்ளைகளுக்கும் கேளுங்கள். அவர்கள் திடல் இன்னும் சிறியதாகவே இருக்கிறது.

பங்குகளுக்கும் ஒரு வேண்டுகோள். வரும் ஆகஸ்ட் 15 விண்ணேற்புத் திருப்பலியின் மன்றாட்டுகளில் ஹெபியர் அடிகளாரையும் பேர்ட்ரம் பிரான்சிஸையும் பெயர் சொல்லி நினைவுகூருங்கள். அன்று மாலை பங்கு வளவில் ஒரு பந்தைக் கொண்டுவந்து வையுங்கள். பிள்ளைகளை யாரும் அழைக்கத் தேவையில்லை, அவர்களே வருவார்கள்.