அந்தக் குரல்கள் அழியக் கூடாது

ஆசிரியருக்கு,

விளையாட்டு வர்ணனையாளர்கள் பற்றிய தங்கள் கட்டுரை காலத்தின் தேவை. ஆனால், 2020 டிசம்பரில் மறைந்த சாத்தான்குளம் அப்துல் ஜப்பாருக்கு அதில் ஒரே ஒரு வரிதானா என்று வருந்தினேன். 1980-களில் கிரிக்கெட்டை வானொலியில் தமிழுக்குக் கொண்டுவந்த முன்னோடிக் குரல்களில் அவருடையது முக்கியமானது. வானொலி நாடகத்தில் பழகிய குரல் அது. ஏற்ற இறக்கம் தெரியும், எங்கே நிறுத்த வேண்டும் என்பதும் தெரியும். குழந்தைகளுக்கு ‘வானொலி அண்ணா’வாக இருந்த கூத்தபிரானும் கிரிக்கெட் வர்ணனை செய்தவர்தான். அவரையும் குறிப்பிட்டிருக்கலாம்.

என் தாத்தாவுக்குப் பார்வை மங்கியிருந்தது. சேப்பாக்கத்தில் பொங்கல் டெஸ்ட் என்றால் திண்ணையில் டிரான்சிஸ்டரோடு உட்கார்ந்துவிடுவார். பட்டாபிராமன் கேட் முனையிலிருந்து யார் பந்து வீசுகிறார், ஸ்லிப்பில் எத்தனை பேர், பந்து எந்தப் பக்கம் போனது என்பதெல்லாம் அவருக்குத் துல்லியமாகத் தெரியும். இப்போதைய தொலைக்காட்சித் தமிழ் வர்ணனையில் சிரிப்பும் அரட்டையும்தான் மிகுதி. பல நேரங்களில் ஸ்கோரைக்கூடச் சொல்வதில்லை. பார்வையற்ற ரசிகர்களை யாரும் நினைத்துப் பார்ப்பதாகவே தெரியவில்லை.

அக்கால வர்ணனைப் பதிவுகளில் எஞ்சியிருப்பவற்றை ஆகாசவாணி மின்வடிவாக்கிப் பொதுமக்கள் கேட்கத் தர வேண்டும். வீட்டில் ஒலிநாடாக்கள் வைத்திருக்கும் நேயர்களும் அவற்றைக் கொடுத்து உதவ வேண்டும். இதற்கான வேண்டுகோளைத் தங்கள் இதழே முன்னின்று வெளியிட வேண்டுகிறேன்.

– ஒரு வாசகி, திருநெல்வேலி