கேரம் போர்டுக்கும் இடம் வேண்டும்

வட சென்னைக் காலடிப்பேட்டையில் எங்கள் தெருமுனையில் ஒரு தகரக் கொட்டகை இருக்கிறது. ஒரு கேரம் போர்டு, நாலு ஸ்டூல், மேலே தொங்கும் குண்டு பல்பு, சுவரில் அம்பேத்கர் படம். ஷிப்டு முடிந்து வருகிறவர்களும் பள்ளிக்கூடப் பையன்களும் எதிரெதிரே உட்கார்ந்து ஆடுவார்கள். என் மகன் வளர்ந்ததே அங்கேதான். இப்போது அதை எடுக்கச் சொல்கிறார்கள். பின்னால் எழும்பிய அடுக்குமாடிக்குக் கார் திரும்ப வழி வேண்டுமாம், ராத்திரியில் சத்தமாம். சத்தம் பற்றிய குறை நியாயம்தான். பத்து மணிக்கு விளக்கை அணைத்துவிடலாம். கொட்டகையே கூடாது என்பதை என்னால் ஏற்க முடியாது.

எங்களுக்கு வேறு எங்கே இடம்? கடற்கரையும் இல்லை. 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் சென்னைத் துறைமுகச் சுவர்கள் எழுந்ததும், தெற்கிலிருந்து வடக்கே நகரும் கடல்மணல் அங்கேயே தேங்கியது. மெரினா அகன்றது, ராயபுரத்திலிருந்து எண்ணூர் வரை கரையைக் கடல் தின்றது. ஊரே காலாற நடக்கும் அந்த மணல், எங்களுக்கு வந்து சேராத மணல். எங்கள் பக்கம் பாறாங்கல்லும் தூண்டில் வளைவும். விரைவுச் சாலையில் கண்டெய்னர் லாரிகள். அதனால்தான் தெருவில் உட்கார்ந்தோம்.

இந்த ஆட்டம் வெறும் பொழுதுபோக்கும் அல்ல. 2024இல் அமெரிக்காவில் நடந்த கேரம் உலகக் கோப்பையில் மூன்று தங்கம் வென்ற காசிமா, புது வண்ணாரப்பேட்டை ஆட்டோ ஓட்டுநரின் மகள். அவருக்கு முன்பே வியாசர்பாடி இளவழகி உலகப் பட்டம் வென்றவர். காசிமாவுக்கு அரசு ஒரு கோடி ரூபாய் கொடுத்தபோது எங்கள் தெருவே பூரித்தது. ஆனாலும் எங்கள் கொட்டகையில் பெண் பிள்ளைகளை இன்னும் உட்காரவிடுவதில்லை. அதுவும் மாற வேண்டும்.

இடம் சுருங்கியதற்கு இன்னொரு காரணமும் உண்டு. 2021இல் விம்கோ நகர் வரை மெட்ரோ வந்தது. வேலைக்குப் போகிறவர்களுக்குப் பெரிய உதவி, மறுக்கவில்லை. கூடவே வாடகை ஏறியது, மனை விலை ஏறியது, காலி இடங்களுக்கெல்லாம் கேட் வந்தது.

10,000 சதுர மீட்டருக்கு மேற்பட்ட மனையில் கட்டுகிறவர்கள் பத்து சதவீதத்தைத் திறந்தவெளியாக ஒப்படைக்க வேண்டும் என்று விதி இருக்கிறது. 3,000 முதல் 10,000 சதுர மீட்டர் வரையுள்ள மனைகளில் நிலத்துக்குப் பதில் பணம் கட்டிவிடலாம். வட சென்னையில் அந்தப் பணத்தை வாங்காதீர்கள், நிலமாகவே வாங்குங்கள் என்று சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமத்தை (சிஎம்டிஏ) கேட்கிறேன். வாங்கிய நிலத்தில் நடைபாதையும் புல்தரையும் போட்டு ஆறு மணிக்குப் பூட்டிவிடாமல், ஒரு கூரையும் விளக்கும் கேரம் போர்டுகளும் வையுங்கள். பெண் பிள்ளைகளுக்கென்று தினமும் சில மணி நேரம் ஒதுக்குங்கள். அதுவரை எங்கள் கொட்டகையில் யாரும் கை வைக்க வேண்டாம்.