நீச்சல் குளத்துக்குள் புதைந்த சினிமா!

1978-ம் ஆண்டு. கனடாவின் வடமேற்கு மூலையில், அலாஸ்கா எல்லைக்குப் பக்கத்தில் இருக்கும் டாசன் சிட்டி என்ற குட்டி ஊர். புதுக் கட்டடத்துக்காக பொக்லைன் மண்ணைத் தோண்ட, குப்பையோடு குப்பையாக வந்து விழுந்தன ஃபிலிம் சுருள்கள். ஒன்றிரண்டு அல்ல, மொத்தம் 533!

இந்தக் குட்டி ஊருக்கு இவ்வளவு சினிமா எப்படி வந்தது? 1890-களின் இறுதியில் தங்கம் தேடி ஆயிரக்கணக்கானோர் குவிந்த இடம் இது. கூட்டம் கலைந்த பிறகும் சினிமா ஓடிக்கொண்டிருந்தது. பட விநியோகத்தில் கடைசி ஊர் டாசன்தான். ஊர் ஊராக ஓடித் தேய்ந்து ஒரு படம் இங்கே வந்துசேர இரண்டு, மூன்று வருடம் ஆகிவிடும். திருப்பி அனுப்பும் செலவுக்குக்கூடத் தேறாது என்று கம்பெனிகள் கைகழுவிவிட்டன. நூலகத்தின் அடித்தளத்தில் பெட்டிகள் குவிந்தன. 1929-ல் அவற்றைப் பழைய நீச்சல் குளத்தில் கொட்டி, மண் போட்டு மூடி, மேலே ஐஸ் ஹாக்கி ஆடினார்கள்.

அந்தக் காலத்து நைட்ரேட் ஃபிலிம் சட்டென்று தீப்பிடிக்கும். அணைப்பதும் பெரும்பாடு. 1937-ல் ஃபாக்ஸ் நிறுவனத்தின் கிடங்கே எரிந்து, அதன் மௌனப்படங்களில் பெரும்பகுதி சாம்பலானது. பத்திரமாகப் பூட்டி வைத்தது எரிந்துபோக, வேண்டாமென்று புதைத்தது உறைந்த மண்ணுக்குள் 49 வருடம் அப்படியே கிடந்திருக்கிறது!

இந்தக் கதையைப் படமாக்கியவர் பில் மாரிசன் என்ற அமெரிக்கர். காப்பகங்களில் தூங்கும் பழைய காட்சிகளைத் தேடியெடுத்து, வெட்டி ஒட்டிப் புதுப் படமாக்குவதுதான் இவருடைய வேலை. 2002-ல் வந்த 'டிகேசியா', அரித்துப்போன ஃபிலிம்களாலேயே ஆனது. அதில் ஒரு குத்துச்சண்டை வீரர் வெறியோடு குத்துகிறார். எதிரே பஞ்சிங் பேக் இருந்த இடம் அரித்துப்போய், கொதிக்கும் குழம்புபோல ஏதோ ஒன்று தளும்புகிறது. தன்னைத் தின்ன வரும் அழிவையே அவர் அடித்து விரட்டுவதுபோல இருக்கும். ராத்திரியில் தனியாகப் பார்க்காமலிருப்பது நல்லது!

2016-ல் வந்தது 'டாசன் சிட்டி: ஃப்ரோசன் டைம்'. இரண்டு மணி நேரப் படத்தில் பேச்சுக் குரல் மிகக் குறைவு. இசையும், திரையில் வரும் எழுத்துகளும்தான் கதை சொல்கின்றன. ஊரில் நடந்த சூதாட்டத்தைக் காட்ட வேண்டுமா? குளத்தில் கிடைத்த படங்களில் சீட்டாடும் ஆட்களே வரிசையாக வந்து போகிறார்கள். மண்ணில் புதைந்த சினிமாவே, தன்னைப் புதைத்த ஊரின் கதையைச் சொல்கிறது.

1919-ல் அமெரிக்காவை உலுக்கிய பேஸ்பால் 'மேட்ச் ஃபிக்ஸிங்' விவகாரம் நினைவிருக்கிறதா? அந்த ஆட்டங்களின் நியூஸ் ரீலும் இதே குளத்தில்தான் கிடைத்தது.

தண்ணீர் பட்ட ஓரங்கள் திரையில் வெள்ளை வெள்ளையாகப் படபடக்கின்றன. கம்ப்யூட்டரில் துடைத்திருக்கலாம். மாரிசன் அதைத் தொடவில்லை. சரியான முடிவு. துடைத்திருந்தால் ஏதோ ஒரு பழைய படம் என்று கடந்துபோயிருப்போம்.

சுருள்களை மீட்கும் வேலையில் ஒன்றாக இறங்கிய கேத்தி ஜோன்ஸும் மைக்கேல் கேட்ஸும் பிறகு கல்யாணமே செய்துகொண்டார்கள். மாரிசன் படத்தில் இந்தக் கதையைச் சொல்வதும் அந்தத் தம்பதிதான்.