பாதியில் நின்ற போர்



தபால்தலை சேர்ப்போரை நாம் அறிவோம். பழைய நாணயம் சேர்ப்போரையும் அறிவோம். முப்பது ஆண்டுகளுக்கு முந்திய தொலைக்காட்சி விளையாட்டுகளைத் தேடிச் சேர்ப்போரும் உளர். டோக்கியோவின் ஆக்கிஹாபாரா, ஓசாக்காவின் நிப்பொன்பாஷி ஆகிய பகுதிகளில் இவற்றுக்கென்றே பழம்பொருட் கடைகள் இருக்கின்றன. அங்கே கிடைப்பனவற்றுள் ஒன்றைப் பற்றியே இம்மாதம் எழுத விழைகிறேன்.

'சூப்பர் ரோபோ தைசென்' என்னும் வரிசை 1991-இல் கேம் பாய் கருவியில் தொடங்கிற்று. 'தைசென்' என்றால் பெரும்போர். 1972-இன் மசிங்கர், 1974-இன் கெட்டர், 1979-இன் குண்டம் எனத் தனித்தனிக் கதைகளில் பிறந்த இயந்திர வீரர்கள் இதில் ஒரே அணியில் நிற்கின்றனர். 1993-இல் சூப்பர் ஃபாமிக்கானுக்கு வந்த மூன்றாம் ஆட்டம் கடுமைக்குப் பேர்போனது.

ஆடும் முறை சதுரங்கத்தை ஒத்தது. கட்டங்கள் நிறைந்த களத்தில் நம் படை முழுவதும் நகர்ந்தபின் பகைவர் நகர்வர். வீழ்ந்த இயந்திரம் அடுத்த களத்திற்குத் திரும்பிவிடும். ஆனால் பழுதுபார்க்கும் செலவு நம் பணத்திலிருந்து போய்விடும். ஆயுதங்களை வலுப்படுத்துவதற்கும் அதே பணந்தான் வேண்டும். விருப்பத்திற்குரிய ஒருவனுக்கே வாரி இறைத்தவர், தம் பிழையைப் பல களங்கள் தாண்டிய பிறகே உணர்வார்.

இவ்வரிசையின் பல ஆட்டங்களில் ஒரு விசித்திர விதி உண்டு. தோற்றுவிட்டால் அதே களத்தை மீண்டும் தொடங்கலாம். தோற்குமுன் ஈட்டிய பணமும் அனுபவமும் கையிலேயே இருக்கும். ஆகவே வேண்டுமென்றே தோற்று வலிமை சேர்ப்பாரும் உண்டு. இதனைக் குறுக்குவழி எனச் சிலர் இகழ்வர். எனக்கு அவ்வாறு தோன்றவில்லை. ஆட்டத்தை அமைத்தவர்களே திறந்துவைத்த கதவு அது. அதன் வழியே போகிறவனைக் கள்வன் என்பானேன்?

கதைகளின் உரிமை பலரிடம் பிரிந்து கிடந்தமையால், இவ்வாட்டங்கள் நெடுங்காலம் ஜப்பானுக்கு வெளியே விற்கப்படவில்லை. 2006-இலேதான், சொந்தமாகப் படைத்த பாத்திரங்களை மட்டும் கொண்ட ஆட்டம் ஒன்று அமெரிக்காவில் ஆங்கிலத்தில் வெளியாயிற்று. பழையவற்றை விரும்பும் அயல்நாட்டார், ஜப்பானிய எழுத்துகளை அருகே குறித்துவைத்துக்கொண்டு ஆட வேண்டியிருந்தது.

சேர்ப்போர் இருவகையினர். அட்டைப்பெட்டியும் விளக்கக் கையேடும் கெடாமல் அலமாரியில் வைப்பவர் ஒருவர். ஆடுவதற்கென்றே வாங்குபவர் மற்றவர். கேட்ரிட்ஜ் எனப்படும் அப்பிளாஸ்டிக் பேழைக்குள் நாணயம் போன்ற சிறு பேட்டரி ஒன்று உண்டு. ஆட்டம் எந்தக் களத்தில் நின்றது என்னும் நினைவை அதுவே காக்கிறது. அது தீர்ந்தால் நினைவும் போகும். மாற்ற வேண்டுமெனில் பேழையைத் திறந்து, பழையதை எடுத்துப் புதியதை ஈயத்தால் பற்றவைக்க வேண்டும். பழையதைக் கழற்றியதும் உள்ளிருக்கும் பதிவு பொதுவாக அழிந்துபோகும்.

இங்கேதான் ஆடுபவரின் கை சற்றே தயங்குகிறது. பழைய கடையில் வாங்கிய பேழையில், முன்பு ஆடிய யாரோ ஒருவரின் போர் பாதியில் நிற்கக்கூடும். எந்த இயந்திரத்தின்மேல் அவருக்குப் பிரியம், எதற்குப் பணத்தைக் கொட்டினார், எக்களத்தில் ஓய்ந்தார் என்பதெல்லாம் திரையில் தெரியும். பதிவைக் கணினியில் படியெடுத்துக்கொள்ளும் கருவிகள் இப்போது வந்துவிட்டன. அவை கையில் இல்லாதவர் அந்தப் படையை ஒருமுறை பார்த்துவிட்டுத்தான் திருகைக் கழற்ற வேண்டும்.